கனவு உத்தரவும் கால் சங்கிலியும்

திருவள்ளூருக்குத் "திருஎவ்வுள்" என்று ஒரு பழைய பெயர் உண்டு. அந்தப் பெயர் வந்த விதத்தைப் பற்றி ஸ்தல புராணம் சொல்லும் கதை வெகு வேடிக்கையானது. சாலிஹோத்திரர் என்ற ரிஷி நெடுநாள் பட்டினி கிடந்து தவம் செய்துவிட்டு, கடைசியில் கொஞ்சம் மாவை வைத்துக்கொண்டு உண்ண உட்கார்ந்தாராம். உடனே கடவுள் ஒரு கிழவர் வேஷத்தில் வந்து அந்த மாவைத் தின்றுவிட்டு, படுத்துக்கொள்ள "எவ்வுள்?" அதாவது "எந்த இடம்?" என்று கேட்டாராம். ரிஷி தன் குடிசையைக் காட்டினாராம். படுத்த கடவுள் இன்றுவரை எழுந்திருக்கவே இல்லை. வீரராகவப் பெருமாள் என்ற பெயரால் படுத்தபடியே இருக்கின்றார். அமாவாசைக்கு முதல் நாள் இரவே ஏராளமான ஜனங்கள் வந்து கோவில் பக்கத்தில் படுத்துக் கிடந்து, விடிந்ததும் குளத்தில் முழுகிப் போகின்றார்கள். பட்டினி கிடந்தவன் மாவையும் தின்று அவன் குடிசையையும் எடுத்துக்கொண்ட ஒருவருக்கு மனிதர்களுக்குள் என்ன பெயர் சொல்லுவோம் என்பது இப்போது நம்முடைய விஷயமல்ல.

நாம் இன்று எழுத வந்தது கடவுள் தூங்குவதைப் பற்றியல்ல. மனிதன் தூங்கும்போது அவன் கனவுக்குள் கடவுளை வரவழைத்துத் தருவதாகச் சொல்லிப் பிழைக்கின்றவர்களைப் பற்றியும், அந்தக் கனவை உத்தரவு என்று நம்பி அழிந்துபோகின்றவர்களைப் பற்றியுமேயாகும்.

இதே திருவள்ளூர் ஜில்லாவின் வடகோடியில் கும்மிடிப்பூண்டி சிப்காட் தொழிற்பேட்டை இருக்கின்றது. இரும்பு உருக்கும் உலைகளும், கம்பி செய்யும் ஆலைகளும், வார்ப்படச் சாலைகளும் அங்கு இரவு பகல் என்றில்லாமல் ஓடுகின்றன. சுற்று வட்டாரத்துக் கிராமத்தார் மாத்திரமல்லாமல் பீகார், ஒடிசா, ஜார்க்கண்டு முதலிய இடங்களிலிருந்து வந்த தொழிலாளர்களும் அங்கே வேலை செய்கின்றார்கள். ஒரு வாரம் பகல் ஷிப்டு, மறு வாரம் இரவு ஷிப்டு. ஒரே அறையில் பலர் முறை வைத்துப் படுத்துக்கொள்ளுகின்றார்கள். ஒருவன் எழுந்து வேலைக்குப் போன பாயில் மற்றொருவன் வந்து படுக்கின்றான். பகல் வெயிலில், தகரக் கூரைக்குக் கீழே, அரையும் குறையுமாகத் தூங்குகின்றவனுக்குக் கனவு எப்படி வரும் என்று நாம் சொல்லத் தேவையில்லை. பயங்கரமாகத்தான் வரும். அந்தப் பயத்தைக் காசாக்குவதற்கென்றே ஒரு கூட்டம் இந்த நாட்டில் இருக்கின்றது.

அந்தக் கூட்டத்தார் விற்கும் சரக்குகளில் ஒன்று, கனவை வசப்படுத்தும் வித்தை. "ஸ்வப்ன வாராஹி" என்று ஒரு தேவதை இருக்கின்றாளாம். அவளுக்குரிய மந்திரத்தைப் படுக்கப் போகுமுன் இத்தனை ஆயிரம் தரம் இத்தனை நாள் ஜெபித்தால், அவள் கனவில் வந்து நாம் கேட்ட கேள்விக்குப் பதில் சொல்லுவாளாம். கடன் எப்போது தீரும், பெண்ணுக்கு மாப்பிள்ளை எந்தத் திக்கிலிருந்து வருவான், காணாமற்போன நகை எங்கே இருக்கின்றது என்று எதை வேண்டுமானாலும் கேட்கலாமாம். முன்பு இதை மந்திரவாதி காதோடு காதாக உபதேசித்தான். இப்போது குருமார்கள் கைபேசிப் படங்களில் ஊரறியச் சொல்லுகின்றார்கள். வித்தை மாறவில்லை, விற்கிற கடை மாத்திரம் மாறியிருக்கின்றது.

இந்த வியாபாரத்தில் வியாபாரிக்கு நஷ்டம் என்பதே கிடையாது. கனவு வந்தால் மந்திரத்தின் மகிமை. வராவிட்டால் ஜெபித்தவனுக்குச் சுத்தம் போதாது. வந்த கனவு பலிக்காவிட்டால் அதன் அர்த்தம் அவனுக்குத் தெரியவில்லை, ஆகவே மறுபடியும் குருவிடம் வரவேண்டும், வரும்போது வெறுங்கையோடு வரக்கூடாது. இப்படி மூன்று வாசலும் குருவின் வீட்டுக்குள்ளேயே திறக்கும்படி கட்டிய வீட்டை வேறு எந்தத் தொழிலிலாவது பார்த்ததுண்டா?

ஒரு சங்கதியை ஒவ்வொருவரும் தாமே சோதித்துப் பார்த்துக்கொள்ளலாம். ஒரு வாரம் படுக்கப் போகுமுன் உங்கள் ஊர்ப் பள்ளிக்கூடத்து வாசலில் நிற்கும் புளிய மரத்தையே ஆயிரம் தரம் நினைத்துக்கொண்டு படுங்கள். ஏதாவது ஒரு நாள் அந்த மரம் கனவில் வரக்கூடும். வந்தால் புளிய மரம் தெய்வமாகிவிடுமா? எதை விடாமல் நினைக்கின்றோமோ அது கனவில் தலைகாட்டுவது மூளையின் சுபாவமேயொழிய, எவளுடைய அருளும் அல்ல. அன்றியும், தான் கேள்விப்பட்டிராத தெய்வம் யாருடைய கனவிலாவது வந்ததுண்டா? ஜப்பான் தேசத்து விவசாயி ஒருவனுடைய கனவில் பெரியபாளையத்து அம்மன் வந்து வேப்பிலை கேட்டதாக யாராவது சொன்னதுண்டா? கனவில் வரும் தெய்வமெல்லாம் அவரவர் விழித்திருக்கும்போது படத்திலோ, கோவிலிலோ, பாட்டி சொன்ன கதையிலோ பார்த்த தெய்வமாகவே இருப்பதன் காரணம் என்ன என்று கொஞ்சம் யோசித்துப் பார்க்க வேண்டுகின்றோம்.

கனவு என்பது இன்று அடியோடு தெரியாத மர்மமல்ல. 1953ஆம் வருஷத்தில் அமெரிக்காவில் சிக்காகோ சர்வகலாசாலையைச் சேர்ந்த அசெரின்ஸ்கி, கிளைட்மன் என்னும் இருவர், தூங்குகின்றவர்களுடைய கண்கள் சில சமயங்களில் மூடிய இமைக்குள்ளேயே வேகமாக ஓடுவதையும், அந்தச் சமயத்தில் எழுப்பிக் கேட்டால் அநேகமாகக் கனவு கண்டதாகச் சொல்லுவதையும் கண்டு எழுதினார்கள். பிறகு நடந்த ஆராய்ச்சிகளால், சுமார் 90 நிமிஷத்துக்கு ஒரு தரம் இந்த நிலை வருகின்றதென்றும், ஒரு இரவில் நாலைந்து தடவை வருகின்றதென்றும், விடியற்காலை நெருங்க நெருங்க அதன் நேரம் நீளுகின்றதென்றும் தெரிந்தது.

இந்த ஒரு விஷயத்தைக் கொண்டே நம் பஞ்சாங்கப் புரட்டு ஒன்றைப் புரிந்துகொள்ளலாம். முதல் ஜாமத்துக் கனவு ஒரு வருஷத்தில் பலிக்கும், வைகறைக் கனவு பத்து நாளில் பலிக்கும் என்று கனவு சாஸ்திரம் சொல்லுகின்றது. வைகறைக் கனவுக்கு ஏன் இவ்வளவு பெருமை? அந்த நேரத்துக் கனவு நீளமானது. அதிலிருந்தே நேராகக் கண் விழிக்கின்றோம். ஆதலால் அது ஞாபகத்தில் நிற்கின்றது. நடுஇரவில் கண்டதெல்லாம் மறந்துபோகின்றது. ஞாபகம் இருப்பதைத் தெய்வ வாக்கு என்றார்கள், மறந்ததை விட்டுவிட்டார்கள். இவ்வளவுதான் சாஸ்திரம். இதற்குமேல், கல்யாணத்தைக் கண்டால் சாவு, சாவைக் கண்டால் கல்யாணம் என்று தலைகீழ்ப் பலன் வேறு எழுதி வைத்திருக்கின்றார்கள். ஊரென்றால் சாவும் கல்யாணமும் வந்துகொண்டேதான் இருக்கும். எது வந்தாலும் சாஸ்திரம் ஜெயித்ததாகவே கணக்கு.

இனி, "பேய் அமுக்குகின்றது" என்பதைப் பார்ப்போம். இரவு ஷிப்டு முடிந்து வந்து படுத்த ஒரு தொழிலாளி திடீரென்று கண் விழிக்கின்றான் என்று வைத்துக்கொள்ளுங்கள். கையைத் தூக்க முடியவில்லை, காலை அசைக்க முடியவில்லை, கூப்பிட வாய் வரவில்லை. மார்பின்மேல் யாரோ உட்கார்ந்திருப்பதுபோல் இருக்கின்றது. அறையில் ஒரு கருப்பு உருவம் நிற்பதுபோலும் தோன்றுகின்றது. சற்று நேரத்தில் எல்லாம் சரியாகிவிடுகின்றது. அவன் என்ன நினைப்பான்? முன்பு அந்த அறையில் செத்தவன் யார் என்றுதான் விசாரிப்பான். உண்மை என்னவென்றால், கனவு நேரத்தில் நாம் கனவில் ஓடுவதற்கெல்லாம் நிஜமாகவே கைகால் ஓடாதபடி உடம்பின் தசைகள் தளர்ந்து கிடக்கின்றன. அந்தத் தளர்ச்சி நீங்குமுன் புத்தி மாத்திரம் விழித்துக்கொண்டால், இப்படி ஒரு நிலை சற்று நேரம் ஏற்படுகின்றது. தூக்கம் கெட்டவர்களுக்கும், தூங்கும் நேரம் மாறி மாறி வருகின்றவர்களுக்கும் இது அதிகமாக வரும். ஆகவே அவன் மார்பின்மேல் உட்கார்ந்திருப்பது பேயல்ல, அவனுடைய ஷிப்டு முறையேயாகும். அதற்குத் தாயத்துக் கட்டினால் தாயத்து விற்றவனுக்குத்தான் நல்ல தூக்கம் வரும்.

அப்படியானால் கனவை நம் இஷ்டப்படி திருப்பவே முடியாதா என்றால், ஓரளவுக்கு முடியும் என்பதையும் மறைக்காமல் சொல்லுகின்றோம். கனவு காணும்போதே "இது கனவு" என்று சிலருக்குத் தெரிகின்றது. அரிஸ்டாட்டில் என்ற கிரேக்கப் பேரறிஞர் இதை இரண்டாயிரம் வருஷங்களுக்கு முன்பே குறித்திருக்கின்றார். திபெத்தில் பௌத்த சந்நியாசிகள் இதை ஒரு யோகமாகவே பழகிவருகின்றார்கள். 1975ஆம் வருஷத்தில் இங்கிலாந்தில் ஹல் நகரத்தில் கீத் ஹேர்ன் என்பவர் இதைக் கருவி வைத்துச் சோதித்தார். தூங்குகின்றவர் தமக்கு இது கனவு என்று தெரிந்தவுடன், முன்னமே பேசி வைத்துக்கொண்டபடி கண்ணை இடமும் வலமுமாக அசைத்துக் காட்டினார். 2021ஆம் வருஷத்தில் நாலு தேசத்து ஆராய்ச்சிக்காரர்கள், கனவு காண்கின்ற ஒருவரிடம் எட்டில் ஆறு போனால் எத்தனை என்று கேட்டு, கண்ணசைவாலேயே இரண்டு என்று பதில் வாங்கியதையும் பிரசுரித்திருக்கின்றார்கள். அடிக்கடி பயங்கரக் கனவு காண்கின்றவர்களுக்கு, அந்தக் கனவின் முடிவைப் பகலில் வேறு விதமாக மாற்றி எழுதி, அதை மனதில் பலதரம் ஓட்டிப் பார்க்கும்படி செய்து வைத்தியர்கள் குணப்படுத்துகின்றார்கள்.

இதில் மந்திரம் எங்கே இருக்கின்றது? தேவதை எங்கே? தக்ஷணை எங்கே? கனவுக்குள்ளிருந்து வந்த பதிலும் தூங்கியவருக்கு முன்னமே தெரிந்த கணக்கின் பதில்தானே! நாளைக்கு நடக்கப்போவதையோ, பக்கத்து ஊரில் புதைத்திருப்பதையோ எந்தக் கனவும் எந்தச் சோதனைச் சாலையிலும் சொல்லிக் காட்டியதில்லை. கனவில் நம்முடைய சரக்கைத் தவிர வெளிச்சரக்கு எதுவும் இல்லை என்பதே இதனால் விளங்குகின்றது.

நிற்க. கனவு ஒருவன் தலைக்குள் இருக்கும் வரையில் அதனால் பிறருக்குக் கெடுதி இல்லை. அது "உத்தரவு" ஆகும்போதுதான் ஆபத்து ஆரம்பமாகின்றது. யாருடைய கனவு உத்தரவாகின்றது, அந்த உத்தரவை யார் சுமக்கின்றார்கள் என்று நம் புராணங்களையே கேட்டுப் பார்ப்போம்.

நம் ஜில்லாவிலேயே திருநின்றவூர் இருக்கின்றது. அங்கே பூசலார் என்ற ஒரு ஏழை பக்தர், கோவில் கட்டப் பணம் கிடைக்காமல் மனதிற்குள்ளேயே ஒரு கோவில் கட்டினார் என்றும், காஞ்சிபுரத்தில் நிஜமாகவே கற்கோவில் கட்டிய பல்லவ ராஜாவின் கனவில் சிவன் வந்து, "நாளைக்கு எனக்கு நின்றவூரில் வேலை இருக்கின்றது. உன் கும்பாபிஷேகத்தைத் தள்ளி வைத்துக்கொள்" என்ற கருத்தில் உத்தரவு செய்தார் என்றும் பெரியபுராணம் சொல்லுகின்றது. நல்ல கதைதான். ஆனால் ராஜாவின் கனவு வரையில் நடந்து போன கடவுள், அந்த ராஜாவின் பொக்கிஷத்திலிருந்து பூசலாருக்கு நாலு பொன் கொடுக்கும்படி ஏன் சொல்லவில்லை? கல்லும் சுண்ணாம்பும் இல்லாத கோவிலே கடவுளுக்கு மேலானது என்பது உண்மையானால், அதே திருநின்றவூரில் பின்னால் கல்லால் ஒரு கோவிலும், அதற்கு அர்ச்சகரும் ஏன் வேண்டியதாயிற்று?

அடுத்தபடியாக நந்தனார் சங்கதி. அவர் பறையர். சிதம்பரத்துக்குள் போகமுடியாமல் எல்லையிலேயே சுற்றிக் கொண்டிருந்தார். கடவுள் அவர் கனவில் வந்து நெருப்பில் மூழ்கி வரச் சொன்னாராம். அதே கடவுள் தில்லை அந்தணர்கள் கனவிலும் போய் நெருப்பு மூட்டும்படி சொன்னாராம். திருப்பாணாழ்வார் சங்கதியில், ஸ்ரீரங்கத்து அர்ச்சகர் கனவில் பெருமாள் வந்து, பாணரைத் தோளில் தூக்கி வரும்படி சொன்னாராம். ஒருவர் நெருப்பில் போனார், ஒருவர் தோளில் போனார். ஆனால் இரண்டு பேருக்குப் பின்னாலும் கதவு மறுபடி சாத்தப்பட்டதா இல்லையா என்பதே நம் கேள்வி. அந்தணர்கள் எல்லோருடைய கனவிலும் ஒரே இரவில் போகக்கூடிய கடவுள், "கதவைத் திற, எல்லோரும் வரட்டும்" என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் நெருப்புக்கு என்ன வேலை? எத்தனையோ நூறு வருஷங்கள் அந்தக் கனவு யாருக்குமே வரவில்லை. 1936இல் திருவாங்கூரிலும், 1939இல் மதுரையிலும் கதவு திறந்தது, மனிதர்கள் விழித்துக்கொண்டு கேட்டதனால். 1947ஆம் வருஷத்தில் சென்னை மாகாணத்தில் ஆலயப் பிரவேசச் சட்டம் வந்தது, சட்டசபையில் கை தூக்கியதனால். கனவினால் ஒரு தாழ்ப்பாளும் விழவில்லை.

இதெல்லாம் பழங்கதை, இப்போது யார் கனவை உத்தரவு என்று நம்புகின்றார்கள் என்று யாரும் நினைக்க வேண்டியதில்லை. திருப்பூர் ஜில்லாவில் காங்கயத்துக்குப் பக்கத்தில் சிவன்மலை என்ற முருகன் கோவில் இருக்கின்றது. அங்கே "ஆண்டவன் உத்தரவுப் பெட்டி" என்று ஒரு கண்ணாடிப் பெட்டி உண்டு. யாராவது ஒரு பக்தர் கனவில் முருகன் வந்து, இன்ன பொருளைப் பெட்டியில் வை என்று சொல்லுவாராம். அவர் வந்து கோவிலில் சொன்னால், பூப்போட்டுப் பார்த்து, உத்தரவு கிடைத்தால் அந்தப் பொருளை வைப்பார்கள். அடுத்தவர் கனவில் வேறு பொருள் வரும் வரையில் அது இருக்கும். அந்தப் பொருள் சம்பந்தமாக உலகத்தில் ஏதாவது நடக்குமாம். ஒரு சமயம் தண்ணீர் வைத்தார்களாம், சுனாமி வந்ததாம். இதைப் பெருமையாகச் சொல்லிக்கொள்ளுகின்றார்கள்.

தண்ணீர் வைத்தால் மழை பெய்தாலும் பலித்தது, பெய்யாவிட்டாலும் பலித்தது, காவிரித் தகராறு வந்தாலும் பலித்தது. இது ஒரு புறமிருக்கட்டும். முருகனுக்கு நிஜமாகவே தெரிந்திருந்தது என்றே ஒரு பேச்சுக்கு ஒப்புக்கொள்ளுவோம். 2004ஆம் வருஷம் டிசம்பர் 26ந் தேதி அலை ஏறியது. நாகப்பட்டினம் ஜில்லாவில் மாத்திரம் 6,000 பேருக்கு மேல் மாண்டார்கள். நம்முடைய பழவேற்காட்டுக் கரையையும் கடல் விட்டுவைக்கவில்லை. இவ்வளவும் தெரிந்த ஒருவர், கடலுக்கு வெகு தூரத்தில் உள்ள ஒரு மலைமேல் ஒரு செம்புத் தண்ணீரை வைக்கச் சொல்லுவாரா, அல்லது ஒரு மீனவன் கனவில் வந்து "பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு மேட்டுக்கு ஓடு" என்று சொல்லுவாரா? ஒரு ரயில்வே கேட்காரன் அப்படி நடந்துகொண்டால் அவனை வேலையில் வைத்திருப்போமா? ஐதராபாத்தில் 2007ஆம் வருஷம் முதல் சுனாமி முன்னறிவிப்பு நிலையம் ஒன்று வேலை செய்கின்றது. அது பெட்டியில் ஒன்றும் வைப்பதில்லை. கடலில் கருவிகளை வைத்திருக்கின்றது.

சிவன்மலைக் கனவில் போனது புத்தி மாத்திரம். கனவு உத்தரவினால் உயிர் போன இடமும் இந்த நாட்டிலேயே இருக்கின்றது. அதைச் சொல்லத்தான் இவ்வளவும் எழுதினோம்.

ராமநாதபுரம் ஜில்லாவில் ஏர்வாடியில் பெயர் பெற்ற ஒரு தர்கா இருக்கின்றது. மனநோய் கண்டவர்களை அங்கே கொண்டுபோய் வைப்பது வெகுநாளைய வழக்கம். முஸ்லிம்கள் மாத்திரமல்ல, இந்துக்களும் கிறிஸ்தவர்களும் கொண்டுபோய் விடுகின்றார்கள். நோயாளி எப்போது ஊர் திரும்பலாம் என்பதற்கு அங்கே ஒரு நம்பிக்கை. அடக்கமாகியிருக்கும் மகான் கனவில் வந்து "போகலாம்" என்று உத்தரவு கொடுக்க வேண்டும். கனவு வரும் வரையில் இருக்க வேண்டியதுதான். மாதமானாலும் வருஷமானாலும் சரி. இப்படிக் காத்துக் கிடந்தவர்களை வைத்துக்கொள்ளவென்று தனியார் விடுதிகள் பல தோன்றின. ஓலைக் கொட்டகை, காலில் சங்கிலி, மாதா மாதம் வீட்டாரிடம் பணம். புத்தி கலங்கியிருப்பவனுக்குக் கனவு தெளிவாக வந்தால்தான் விடுதலை என்றால், அது கால் ஒடிந்தவனை ஓடிக் காட்டினால்தான் வைத்தியசாலையை விட்டு அனுப்புவோம் என்று சொல்லுவது போலல்லவா?

2001ஆம் வருஷம் ஆகஸ்டு 6ந் தேதி விடியற்காலையில் அந்த விடுதிகளில் ஒன்று தீப்பிடித்தது. பஞ்சாங்கத்தின் கணக்குப்படி அது வைகறைக் கனவு பலிக்கும் நேரம். சங்கிலியில் கட்டப்பட்டிருந்தவர்கள் ஓட முடியவில்லை. 28 பேர் மாண்டார்கள். கூப்பிட்ட குரல் கேட்டும் அவிழ்த்துவிட ஆளில்லை. நந்தனாருக்கு நெருப்பு மூட்டச் சொல்லிக் கனவு வந்தது. இவர்களுக்குக் கனவே வரவில்லை, நெருப்பு மாத்திரம் வந்தது.

அதற்குப் பிறகுதான் எல்லோருக்கும் கண் திறந்தது. சுப்ரீம் கோர்ட்டு தானாகவே வழக்கை எடுத்துக்கொண்டது. சர்க்கார் அந்த விடுதிகளை மூடி, 500க்கு மேற்பட்ட நோயாளிகளை அங்கிருந்து அப்புறப்படுத்தியது. 2017ஆம் வருஷத்து மனநலப் பராமரிப்புச் சட்டம், மனநோயாளியை எந்த விதத்திலும் சங்கிலியில் கட்டக் கூடாதென்று எழுதிவிட்டது. ஆக, அவர்களுக்கு விடுதலை உத்தரவு கடைசியில் வந்தே விட்டது. ஆனால் அது தர்காவிலிருந்தும் வரவில்லை, கனவிலிருந்தும் வரவில்லை. கோர்ட்டிலிருந்து, காகிதத்தில் வந்தது. 28 பிணங்கள் விழுந்த பிறகு வந்தது.

இதை ஒரு மதத்தின்மேல் மாத்திரம் குற்றமாகச் சொல்ல வந்தோமில்லை. திருச்சி ஜில்லா குணசீலத்தில் பெருமாள் கோவிலில் 48 நாள் இருந்தால் சித்தப்பிரமை தீரும் என்கின்றார்கள். கிரேக்க தேசத்தில் எப்பிடாரஸ் என்ற ஊரில் இரண்டாயிரம் வருஷங்களுக்கு முன்பு, வைத்தியக் கடவுளின் கோவிலில் நோயாளிகளைப் படுக்க வைத்துக் கனவுக்குக் காத்திருந்தார்கள். கிரேக்கர்கள் அந்தக் கோவிலை இடிந்த கல்லாக விட்டுவிட்டு ஆஸ்பத்திரி கட்டிக்கொண்டார்கள். நாமோ ஆஸ்பத்திரியும் கட்டிக்கொண்டு, கனவுக்கும் காத்திருக்கின்றோம்.

இந்த இடத்தில் சிலர் ஒரு கேள்வி கேட்பார்கள் என்பது நமக்குத் தெரியும். "கும்பகோணத்து ராமானுஜனுக்கு நாமக்கல் நாமகிரித் தாயார் கனவில் வந்து கணக்கு எழுதிக் காட்டினாளே, அதற்கென்ன சொல்லுகின்றீர்?" என்பார்கள். ராமானுஜன் மகா மேதை. அவர் அப்படிச் சொன்னதும் உண்மையாகவே இருக்கலாம். ஆனால் நாமகிரித் தாயாரைக் கும்பிடுகின்றவர்கள் ஆயிரமாயிரம் பேர் இருக்க, சிலேட்டு சிலேட்டாக இரவும் பகலும் கணக்கே போட்டுக் கொண்டிருந்த ஒருவர் கனவில் மாத்திரம் கணக்கு வந்ததேன்? மற்றும், பகா எண்களைப் பற்றி அவர் எழுதியவற்றில் சில தவறு என்று அவருடைய நண்பர் ஹார்டியே காட்டியிருக்கின்றார். அந்தத் தவறும் தாயார் சொன்னதுதானா? கடல் தாண்டக் கூடாதென்ற சாஸ்திரம் அவர் சீமைக்குப் போவதற்குக் குறுக்கே நின்றபோது, அவருடைய தாயார் கனவில் நாமகிரி வந்து தடுக்காதே என்று சொன்னதாகவும், அதன் பேரில் 1914இல் அவர் கப்பலேறியதாகவும் சொல்லுகின்றார்கள். சாஸ்திரத்தை மீறவேண்டிய அவசியம் வந்தால் கனவும் அதற்குத் தகுந்தாற்போல் வருகின்றது என்பதற்கு இதைவிட என்ன ருஜு வேண்டும்? கடைசியில் அவர் வியாதிக்கு மருந்து என்ன என்று மாத்திரம் தாயார் சொல்லவில்லை. 1920இல், 32 வயதிலேயே அவரைப் பறிகொடுத்தோம்.

"கஷ்டப்படுகின்றவனுக்குக் கனவு ஒரு ஆறுதல், அதையும் பிடுங்குவானேன்?" என்று கேட்கின்ற நல்ல மனதுக்காரர்களும் உண்டு. நாம் யாருடைய கனவையும் பிடுங்க வரவில்லை. செத்துப்போன தாய் கனவில் வந்து தலையைத் தடவினால் அந்த ஆறுதலை அனுபவிக்கட்டும். அதற்கு யாரும் சீட்டு எழுத வேண்டியதில்லை. அந்தத் தாய் கனவில் வந்ததற்குப் பரிகாரம் என்று பணம் கேட்கின்றவனைத்தான் வாசலில் நிறுத்தச் சொல்லுகின்றோம்.

ஆகவே தொழிலாளித் தோழர்களுக்கும் கிராமத்துத் தோழர்களுக்கும் நாம் சொல்லுவது இதுதான். உங்களைப் பேய் அமுக்கினால் மந்திரவாதியிடம் போகாதீர்கள். எத்தனை மணி நேரம் தூங்கினோம் என்று கணக்குப் பாருங்கள். ஷிப்டு மாற்றும்போது போதிய ஓய்வும், படுக்கக் காற்றோட்டமான இடமும் வேண்டும் என்று சங்கத்தின் மூலம் கேளுங்கள். அது எந்த மந்திரத்தையும்விட நல்ல கனவு தரும். வீட்டில் ஒருவருக்குப் புத்தி தடுமாறினால், கோவிலுக்கும் தர்காவுக்கும் மாதா கோவிலுக்கும் மாறி மாறிக் கொண்டுபோய் நாளைக் கடத்தாதீர்கள். மனநோயும் காய்ச்சலைப்போல் ஒரு நோய். மருந்து உண்டு. சென்னைக் கீழ்ப்பாக்கத்தில் 1794ஆம் வருஷத்தில் ஆரம்பித்த மனநோய் ஆஸ்பத்திரி இன்றும் நடக்கின்றது. திருவள்ளூரிலேயே 2022 முதல் அரசு மருத்துவக் கல்லூரி வந்துவிட்டது. 14416 என்ற நம்பருக்குப் போன் செய்தால் காசில்லாமல் மனநல ஆலோசனை சொல்லுகின்றார்கள். இந்த நம்பருக்கு ஜெபம் வேண்டியதில்லை, சுத்தம் பார்ப்பதில்லை, கூப்பிட்டவன் என்ன ஜாதி என்று கேட்பதுமில்லை.

கனவிலே கண்ட பணம் கைச்செலவுக்கு உதவாதென்று நம் பாட்டிமார் சொல்லியிருக்கின்றார்கள். பணமே உதவாதென்றால் உத்தரவு மாத்திரம் எப்படி உதவும்? இனி யாராவது உங்களிடம் வந்து, "சாமி கனவில் வந்து சொன்னார்" என்று சொன்னால், ஒரே ஒரு கேள்வி கேளுங்கள். "சொன்ன காரியத்தினால் யாருக்கு வரும்படி, யாருக்குச் செலவு?" அதற்குப் பதில் வருவதற்குள் அந்தக் கனவு கலைந்துபோகும்.